வதியும் வாய்க்காலும்: இரண்டு எண்களால் இடம் சொல்லும் கலை



கணக்கைக் கண்ணால் காணாமல் காதால் மட்டும் கேட்டு விளங்கிக்கொள்ள முடியுமா என்று சிலர் ஐயுறலாம். கரும்பலகையும் சுண்ணக்கட்டியும் இன்றிப் பேசப் புகும் எனக்கும் அந்த ஐயம் ஓரளவு உண்டு. ஆதலால் உங்களிடம் ஓர் உதவி கேட்கிறேன். அருகில் கட்டம் போட்ட தாள் இருப்பின் எடுத்துக்கொள்ளுங்கள். இல்லையேல் வெறுந்தாளில் குறுக்கும் நெடுக்குமாகச் சில கோடுகள் இட்டுக்கொள்ளுங்கள். நான் எண்களைச் சொல்லச் சொல்ல நீங்கள் புள்ளிகளை வைத்து வாருங்கள். இப்பேச்சு முடியும்போது அத்தாளில் நம் நாட்டின் ஒரு பகுதி உருப்பெற்றிருக்கும்.

தஞ்சை நாட்டின் இயல்பை முதலில் எண்ணிப் பாருங்கள். கல்லணைக்குக் கிழக்கே கடல் வரை குன்று என்று சொல்லத்தக்கது ஒன்றும் இல்லை. கண்ணுக்கு எட்டிய தொலைவு வரை வயல். வயலுக்கு அப்பால் தென்னந்தோப்பு. அதற்கும் அப்பால் மீண்டும் வயல். நாற்று நட்ட பின்னர் ஒரு வயலுக்கும் அடுத்த வயலுக்கும் வேற்றுமை காண்பது அயலாருக்கு அரிது. இத்தகைய சமவெளியில், 'இன்ன நிலம் இன்னாருடையது' என்று ஐயத்துக்கு இடமின்றி எழுதி வைப்பது எங்ஙனம்? இது வெறும் ஏட்டுக் கேள்வி அன்று. நிலத்தின் இடம் தவறினால் உழுதவன் உழைப்புத் தவறும். கோயில் விளக்குக்கு என்று விட்ட நிலத்தின் நெல் வேறெங்கோ போய்ச் சேரும். உடன்பிறந்தார் வழக்கு மன்றம் ஏறுவர்.

இக்கேள்விக்கு முன்னோர் இரு வகையில் விடை கண்டனர். முதல் வகை நான்கெல்லை சொல்வது. கீழ்பாற்கெல்லை இன்னது, தென்பாற்கெல்லை இன்னது, மேல்பாற்கெல்லை இன்னது, வடபாற்கெல்லை இன்னது என்று கல்வெட்டுகளிலும் ஓலைகளிலும் எழுதினர். இன்றைய பத்திரங்களிலும் இம்முறை வாழ்கிறது. இதில் ஒரு குறை உண்டு. எல்லையாகச் சொல்லப்பட்ட மரம் பட்டுப்போகலாம். அண்டை நிலத்துக்காரர் மாறலாம். ஒன்றன் இடத்தை மற்றொன்றைக் கொண்டு சொல்லும்போது, அம்மற்றொன்று நிலைத்து நிற்றல் வேண்டும்.

இரண்டாம் வகையே நம் பாடத்துக்கு உரியது. சோழர் காலத்துப் பிரமதேய ஊர்களின் கல்வெட்டுகளில் ஒரு தொடர் அமைப்பு மீண்டும் மீண்டும் வரக் காணலாம். உத்திரமேரூர்க் கல்வெட்டுகளிலும், காவிரிப் படுகையின் பல ஊர்க் கல்வெட்டுகளிலும் இது உண்டு. இன்ன வதிக்கு மேற்கு, இன்ன வாய்க்காலுக்கு வடக்கு, இத்தனையாம் கண்ணாறு, இத்தனையாம் சதிரம் என்று நிலத்தின் இடத்தைக் கூறுவர். வதி என்பது வழி. 'வதிக்குக் கிழக்கு' என்றும் 'வதிக்கு மேற்கு' என்றும் சொல்லப்படுவதால் அது வடக்குத் தெற்காகச் செல்வது என்று அறிகிறோம். 'வாய்க்காலுக்கு வடக்கு' என்றும் 'தெற்கு' என்றும் சொல்லப்படுவதால் வாய்க்கால் கிழக்கு மேற்காகச் செல்வது என்று தெளிகிறோம். கண்ணாறு என்பது வாய்க்காலினின்று பிரியும் சிறு கால். அதனை ஒட்டிய நிலப்பட்டையையும் அது குறிக்கும். சதிரம் என்பது சதுரம்; அப்பட்டையில் உள்ள ஒரு கட்டம்.

இதன் நுட்பத்தைப் பாருங்கள். ஒன்றையொன்று வெட்டிச் செல்லும் இரண்டு கோடுகள். ஒன்று வதி, மற்றொன்று வாய்க்கால். அவை கூடும் இடத்தினின்று எந்தத் திசையில் போகவேண்டும் என்பதற்கு இரண்டு சொற்கள். எவ்வளவு போகவேண்டும் என்பதற்கு இரண்டு எண்கள். மரம் பட்டாலும், அண்டை வீட்டார் மாறினாலும், வதியும் வாய்க்காலும் உள்ளவரை அந்த நிலத்தின் இடம் மாறாது. முதலாம் இராசராசன் பெரிய கோயிலை எழுப்பிய 1010ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தில், ஊர்ச் சபையார் தம் நிலங்களை இங்ஙனம் எண்ணால் பெயரிட்டு வழங்கினர் என்பது நாம் பெருமையுடன் அறிந்துகொள்ள வேண்டிய செய்தி.

இனி, நம் பள்ளிப் பாடத்துக்கு வருவோம். தாளின் நடுவில் குறுக்காக ஒரு கோடு வரைக. அது கிடையச்சு; பாட நூல்கள் எக்ஸ் அச்சு என்னும். அதற்குச் செங்குத்தாக மேலும் கீழுமாக மற்றொரு கோடு வரைக. அது நிலையச்சு, அல்லது ஒய் அச்சு. அவை வெட்டும் இடம் ஆதிப்புள்ளி. ஆதிப்புள்ளியினின்று கிழக்கே செல்வது மிகை, மேற்கே செல்வது குறை. வடக்கே செல்வது மிகை, தெற்கே செல்வது குறை என்று கொள்வோம். இப்போது (3, 5) என்றால் கிழக்கே 3 கட்டம், பின்னர் வடக்கே 5 கட்டம். (-3, 5) என்றால் மேற்கே 3, வடக்கே 5. இவ்வாறு அடைப்புக்குள் எழுதப்படும் இரண்டு எண்களுக்கு வரிசைச் சோடி என்று பெயர்.

சோழர் முறைக்கும் இதற்கும் உள்ள வேற்றுமைகளையும் சொல்லிவிடுதல் நேர்மை. அவர்களுடைய எண்கள் ஒரு கட்ட நிலத்தைச் சுட்டின. நம்முடையவை ஒரு புள்ளியைச் சுட்டுகின்றன. அவர்கள் ஒன்று, இரண்டு என்று முழு எண்ணால் எண்ணினர். நாமோ இரண்டரை, மூன்றேகால் என்று பின்னத்தையும் வைக்கிறோம். இந்த எண்களைச் சமன்பாடுகளோடு இணைத்து, வளைகோடுகளை இயற்கணிதத்தால் ஆராயும் வழியைத் திறந்தவர் பிரெஞ்சு அறிஞர் ரெனே டெக்கார்ட். அவருடைய 'ஜியாமிதி' என்னும் நூற்பகுதி 1637இல் வெளிவந்தது. அதே காலத்தில் பெர்மா என்னும் மற்றொரு பிரெஞ்சுக்காரரும் தனித்து இவ்வழி கண்டார். நம் ஊர்ச் சபையாரிடம் இருந்தது இடம் குறிக்கும் முறை. டெக்கார்ட் தந்தது கோட்டையும் சமன்பாட்டையும் ஒன்றாக்கும் முறை. இரண்டையும் ஒன்றெனச் சொல்லி மகிழ்வது அறிவுடைமை ஆகாது.

மற்றொரு வேற்றுமை இன்னும் நுட்பமானது. கல்வெட்டில் 'இரண்டாம் கண்ணாறு, நான்காம் சதிரம்' என்று இருந்தால், அதனை 'நான்காம் சதிரம், இரண்டாம் கண்ணாறு' என்று மாற்றி எழுதினாலும் பொருள் கெடாது. ஒவ்வோர் எண்ணும் தன் பெயரைத் தன்னோடு சுமந்து நிற்கிறது. நாமோ சுருக்கத்தை விரும்பிப் பெயர்களைக் களைந்துவிட்டோம். (2, 4) என்று வெறும் எண்களை வைத்தோம். பெயர் செய்து வந்த வேலையை இப்போது யார் செய்வது? வரிசை செய்கிறது. முதலில் நிற்பது கிழக்கு மேற்கு. இரண்டாவது நிற்பது வடக்குத் தெற்கு. ஆகவேதான் அதற்கு வரிசைச் சோடி என்று பெயர். வரிசை என்பது அங்கே அலங்காரம் அன்று. எண்ணின் பொருளே அதுதான். ஆண்டுதோறும் என் வகுப்பில், 'எதை முதலில் எழுதினால் என்ன ஐயா, இரண்டும் அதே எண்கள்தாமே?' என்று கேட்கும் மாணவன் ஒருவன் இருப்பான். நல்ல கேள்விதான். அதற்கு விடையை நாட்டுப் படத்திலேயே காண்போம்.

உங்கள் தாளில் புதிய அச்சுகள் இடுங்கள். ஆதிப்புள்ளியாகக் கிழக்குத் தீர்க்கரேகை 79 பாகையும் வடக்கு அட்சரேகை 10 பாகையும் சந்திக்கும் இடத்தைக் கொள்வோம். அவ்விடம் புதுக்கோட்டை மாவட்டத்தின் தென்பகுதியில் ஆவுடையார்கோயிலுக்குச் சற்றுத் தெற்கே அமையும். ஒரு பாகைக்கு 60 கலை. அதாவது 60 நிமிடம். ஒரு கலைக்கு ஒரு சிறு கட்டம் என்று வைப்போம். நம் பகுதியில் வடக்குத் தெற்காக ஒரு கலை ஏறத்தாழ 1.84 கிலோமீட்டர், கிழக்கு மேற்காகவும் ஏறக்குறைய அவ்வளவே. எனவே கட்டங்கள் சதுரமாகவே இருக்கலாம். நான் சொல்லும் எண்கள் யாவும் முழுக் கலைக்குத் திருத்தப்பட்டவை.

முதலில் ஐந்து புள்ளிகள். கல்லணை (-11, 50). திருவையாறு (6, 53). கும்பகோணம் (23, 58). மயிலாடுதுறை (39, 66). பூம்புகார் (51, 69). கல்லணையின் முதல் எண் குறை எண் என்பதைக் கவனியுங்கள். அது 79 பாகைக்கு மேற்கே உள்ளது. மயிலாடுதுறைக்கும் பூம்புகாருக்கும் இரண்டாவது எண் 60ஐத் தாண்டியதைக் கண்டு மயங்க வேண்டா. அவை 11 பாகைக்கு வடக்கே உள்ளன. இவ்வைந்து புள்ளிகளையும் மேற்கிலிருந்து கிழக்காக இணையுங்கள். இணைத்தீர்களா? நீங்கள் வரைந்தது காவிரி. கிழக்கு நோக்கிச் செல்லும்போதே மெல்ல மெல்ல வடக்கே ஏறிச் செல்லும் அதன் போக்கு, எண்கள் ஏறுவதிலேயே தெரிகிறது.

ஈண்டு ஓர் எச்சரிக்கை. புள்ளிகள் நாம் அறிந்த உண்மை. அவற்றை இணைத்த கோடு நம் ஊகம். திருவையாற்றுக்கும் கும்பகோணத்துக்கும் இடையில் ஆறு நேர்கோட்டில் ஓடவில்லை. வளைந்தும் நெளிந்தும் ஓடுகிறது. இடைப்பட்ட வளைவு வேண்டுமாயின் இடைப்பட்ட புள்ளிகள் வேண்டும். அறிவியல் ஆய்வுக்கூடத்தில் வரைபடம் வரையும் கல்லூரி மாணவர்களும் இதனை நினைவிற் கொள்ளல் நன்று.

அடுத்து, கடற்கரை ஊர்கள். பூம்புகார் முன்னரே வைத்தோம்: (51, 69). தரங்கம்பாடி (51, 62). நாகப்பட்டினக் கடற்கரை (51, 46). வேதாரண்யம் (51, 22). நான்குக்கும் முதல் எண் ஒன்றே. இணைத்தால் நிலையச்சுக்கு இணையான ஒரு நேர்கோடு தோன்றும். 'எக்ஸ் சமம் 51' என்னும் சமன்பாட்டைப் பாட நூலில் கண்டு, இரண்டாவது எண்ணைப் பற்றிப் பேச்சே இல்லையே என்று திகைக்கும் மாணவர் உண்டு. அதன் பொருள் இதுதான்: வடக்கே போ, தெற்கே போ, எங்கே போனாலும் முதல் எண் மாறாது. தஞ்சைக் காவிரிப் படுகையின் கீழைக் கடற்கரை ஏறத்தாழ அச்சமன்பாட்டின் உருவம். ஒரு வேளை இனி அது உங்களுக்கு மறவாது.

நான்கு கால்பகுதிகளையும் நம் ஊர்களாலேயே நிரப்பலாம். கும்பகோணத்துக்கு இரண்டு எண்களும் மிகை. அது முதற் கால்பகுதி. திருச்சிராப்பள்ளி மலைக்கோட்டை (-18, 50). மேற்கும் வடக்குமாக அது இரண்டாம் கால்பகுதி. மதுரை (-53, -5). இரண்டும் குறை, மூன்றாம் கால்பகுதி. கடல் கடந்து யாழ்ப்பாணம் (61, -20). கிழக்கும் தெற்குமாக அது நான்காம் கால்பகுதி.

தொலைவையும் காணலாம். தஞ்சாவூர் (8, 47). கும்பகோணம் (23, 58). கிழக்கே 15 கலை. வடக்கே 11 கலை. 15இன் வர்க்கம் 225, 11இன் வர்க்கம் 121, கூட்டினால் 346, அதன் வர்க்கமூலம் ஏறத்தாழ 18.6. ஒரு கலைக்கு 1.84 கிலோமீட்டர் வீதம் 34 கிலோமீட்டர். இது பறவை பறக்கும் தொலைவு. சாலை ஊர்களைத் தொட்டுக்கொண்டு செல்வதால் சுமார் 40 ஆகிறது.

இனி, வரிசையை மாற்றினால் என்ன ஆகும் என்ற கேள்வி. தஞ்சாவூரின் (8, 47) என்பதை (47, 8) என்று வைத்துப் பாருங்கள். பெரிய கோயில் கோடிக்கரைக்குத் தெற்கே கடலில் போய் நிற்கும். கும்பகோணத்தை மாற்றினால் (58, 23). வேதாரண்யத்துக்குக் கிழக்கே கடலில் மகாமகக் குளம்! இவற்றைக் கண்டு நீங்கள் நகைக்கலாம். ஆனால் இப்பிழைகள் தீங்கற்றவை. பார்த்தவுடன் பிழை என்று தம்மைத் தாமே காட்டிக்கொள்கின்றன. இப்போது நாகப்பட்டினத்தின் (51, 46) என்பதை (46, 51) என்று மாற்றுங்கள். நாகூருக்கு வடமேற்கே, கடலினின்று சற்று உள்ளே, வயல்வெளியில் புள்ளி விழும். பார்ப்பவர்க்கு ஐயமே எழாது. ஊர் இருக்கத்தக்க இடம்தானே என்று எண்ணிவிடுவர். இரண்டு எண்களும் நெருங்கியவையாக இருக்கும்போது பிழை மறைந்து வாழ்கிறது. கடலில் விழும் பிழையைக் கண்டு நகையுங்கள்; நிலத்தில் விழும் பிழைக்கு அஞ்சுங்கள்.

மற்றொன்றும் சொல்லவேண்டும். கணக்காசிரியர் கிழக்கு மேற்கை முதலில் சொல்வார். புவியியல் ஆசிரியரோ அட்சரேகையை முதலில் சொல்வார். அதாவது வடக்குத் தெற்கு முதலில் வரும். கையடக்கத் தொலைபேசியில் தஞ்சாவூரின் இடத்தைக் கேட்டால் 10.79, 79.14 என்று அட்சரேகையே முன்னர் வரும். இருவர் வழக்கும் தத்தம் துறையில் சரியே. எந்த வழக்கு என்று கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் புள்ளி வைப்பதே தவறு. அவ்வெண்களை வழக்கு மாற்றிப் படித்தால் தஞ்சாவூர் வடதுருவத்தை அடுத்த ஸ்பிட்ஸ்பெர்கன் தீவின் மேற்குக் கரையோரத்துக்குப் போய்விடும். அங்கே நெல் விளையாது.

இந்த இரட்டை எண்களில் உயிர்களே அடங்கிய வேளையும் உண்டு. 2018ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள் பின்னிரவில் கஜா புயல் நம் கரையைக் கடந்தது. நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே, வடக்கு 10.45 பாகை, கிழக்கு 79.8 பாகைக்கு அருகில் அது கரையேறியது என்று வானிலைத் துறை பதிவு செய்தது. இவ்வெண்களை உங்கள் தாளில் வைத்துப் பாருங்கள். 10.45 என்பதைக் கண்டவுடன் 45 கலை என்று எண்ணிப் புள்ளி வைப்பவர் நாகப்பட்டினத்தின் நேரே வைத்துவிடுவர். அது பிழை. 0.45 பாகை என்பது 60இல் 0.45 பங்கு, அதாவது 27 கலை. 0.8 பாகை 48 கலை. ஆகவே புள்ளி (48, 27). வேதாரண்யத்தின் (51, 22) எங்கே இருக்கிறது என்று பாருங்கள்; ஐந்தாறு கலை தொலைவுதான். வேதாரண்யம் வட்டாரத்துத் தென்னைகள் அன்று வேரோடு சாய்ந்ததன் காரணம் தாளிலேயே புலப்படும். வானொலியில் புயலின் இடம் இரண்டு எண்களாகச் சொல்லப்படும்போது, அதைக் கேட்டு வீட்டுப் படத்தில் சரியாகப் புள்ளி வைக்கத் தெரிந்த ஒரு பிள்ளை அக்குடும்பத்துக்குப் பெருந்துணை ஆவான்.

இத்தகைய எண்கள் நமக்கு எளிதிற் கிடைத்தவை அல்ல. அதற்கும் தஞ்சையிலேயே ஒரு வரலாறு உண்டு. வில்லியம் லாம்ப்டன் என்னும் ஆங்கிலேய அதிகாரி 1802இல் சென்னைப் பரங்கிமலை அருகே ஓர் அடிக்கோட்டை அளந்து, தென்னாட்டை முக்கோணங்களால் அளக்கத் தொடங்கினார். ஒரு முக்கோணத்தின் ஒரு பக்கமும் அதன் இரு கோணங்களும் தெரிந்தால் மூன்றாம் முனையின் இடம் தெரிந்துவிடும் என்னும் எளிய உண்மையே அப்பெரும் பணியின் அடிப்படை. கோணம் அளக்க அவர் கொண்டுவந்த தியோடலைட் என்னும் கருவி ஏறத்தாழ அரை டன் எடை. அதன் கிடைவட்டம் மூன்று அடிக் குறுக்களவு உடையது. ஒரு குன்றின் உச்சியினின்று மற்றொரு குன்றின் உச்சியை நோக்கிக் கோணம் எடுப்பது வழக்கம். தஞ்சைக்கு வந்தபோது குன்றுக்கு எங்கே போவது? நான்கு புறமும் தென்னை மறைக்கும் சமவெளியில் கோயிற் கோபுரங்களும் விமானங்களுமே குன்றுகளாக உதவின.

1808இல் தஞ்சைப் பெரிய கோயிலின் விமானத்தின்மேல் அக்கருவியைக் கயிற்றால் ஏற்றியபோது கயிறு ஒன்று அறுந்தது. கருவி சுவரில் மோதியது. பெட்டிக்குள் இருந்த வட்டம் நெளிந்துபோயிற்று. வட்டம் வட்டமாக இல்லாவிடில் அது காட்டும் கோணம் ஒன்றும் நம்பத்தக்கது அன்று. கோணம் பொய்த்தால் முக்கோணம் பொய்க்கும். முக்கோணம் பொய்த்தால் அதன்மேல் கட்டிய ஊர்களின் இடமெல்லாம் பொய்க்கும். வேறொருவராயின் பணியைக் கைவிட்டிருப்பர். லாம்ப்டன் கருவியைக் கழற்றி, ஆறு வார காலம் தம் கையாலேயே சிறுகச் சிறுகத் தட்டியும் இழுத்தும் அவ்வட்டத்தைப் பழைய உருவுக்கு ஏறக்குறையக் கொண்டுவந்தார். அதனைக் கொண்டே பணி தொடர்ந்தது. அவர் 1823இல் மறைந்தார். அவர் தொடங்கிய முக்கோணச் சங்கிலி பின்னர் இமயமலையின் அடிவாரம் வரை சென்றது. அயலவர் ஆட்சி தன் வரிக்கும் படைக்கும் வேண்டி அளந்தது என்பது மெய்யே. எனினும் ஒரு வட்டத்தைச் சரிசெய்ய ஆறு வாரம் பொறுத்த அந்தப் பொறுமை, அளவை என்று கையில் எடுக்கும் எவரும் கற்கத்தக்கது.

இனி, பெரிய படத்தை விட்டு ஒரு சிறு வயலுக்கு வருவோம். நில அளவையாளர் வயலில் என்ன செய்கிறார் என்று நின்று பார்த்தவர் உங்களுள் சிலர் இருப்பீர்கள். முதலில் ஓர் எல்லைக்கல்லிலிருந்து மற்றோர் எல்லைக்கல்லுக்குச் சங்கிலியை நேராக இழுக்கிறார். பின்னர் அக்கோட்டின் வழியே நடந்து, ஒவ்வொரு மூலைக்கல்லுக்கும் நேரே வந்தவுடன் நின்று, அங்கிருந்து கல் வரைக்கும் செங்குத்தாக அளக்கிறார். கோட்டின் வழியே இவ்வளவு, கோட்டுக்குச் செங்குத்தாக இவ்வளவு என்று இரண்டு எண்களைக் குறிக்கிறார். அது வரிசைச் சோடியே அன்றி வேறென்ன? இடப்புறம், வலப்புறம் என்று அவர் எழுதுவது நம் மிகையும் குறையும்.

ஒரு கற்பனை வயலை எடுத்துக்கொள்வோம். நான்கு கற்கள், அளவு அடியில். முதற் கல் (0, 0). இரண்டாம் கல் (200, 0). மூன்றாம் கல் (180, 100). நான்காம் கல் (40, 120). மூன்றாம், நான்காம் கற்களிலிருந்து அடிக்கோட்டுக்குச் செங்குத்துகளை இறக்கினால் வயல் மூன்று துண்டாகும். இடப்பக்க முக்கோணம்: 40 பெருக்கல் 120, அதில் பாதி 2,400 சதுர அடி. நடுவில் சரிவகம்: 120உம் 100உம் கூட்டிப் பாதி 110, அகலம் 140, ஆக 15,400. வலப்பக்க முக்கோணம்: 20 பெருக்கல் 100, அதில் பாதி 1,000. மொத்தம் 18,800 சதுர அடி. ஒரு சென்ட் 435.6 சதுர அடி ஆதலால் இது 43 சென்டுக்குச் சற்றுக் கூடுதல். நம் பகுதி வழக்கில் 33 சென்ட் ஒரு மா. ஆகவே ஒரு மாவும் கால் மாவுக்குச் சற்று மேலும்.

இப்போது குறிப்பெடுத்தவர் நான்காம் கல்லை மட்டும் வரிசை மாற்றி (120, 40) என்று எழுதிவிட்டார் என்று கொள்வோம். எண்கள் அவையே; இடம் மட்டும் மாறியது. மீண்டும் கணக்கிடுங்கள். இடப்பக்க முக்கோணம்: 120 பெருக்கல் 40, அதில் பாதி 2,400; இது மாறவே இல்லை என்பதைக் கவனியுங்கள். நடுச் சரிவகம்: 40உம் 100உம் கூட்டிப் பாதி 70, அகலம் 60, ஆக 4,200. வலப்பக்கம் 1,000. மொத்தம் 7,600 சதுர அடி. 17 சென்டும் சொச்சமும். காணாமற்போனது 11,200 சதுர அடி. ஏறத்தாழ முக்கால் மா. மழை இல்லை, வெள்ளம் இல்லை, பகைவர் இல்லை. ஒரு காற்புள்ளியின் இரு புறமும் இருந்த எண்கள் இடம் மாறியதால் ஓர் ஏழை உழவனின் நிலத்தில் பாதிக்கு மேல் தாளில் மறைந்துவிட்டது. அவன் எழுதப் படிக்க அறியாதவனாயின் அதனை அறிவதற்கே ஆண்டுகள் ஆகும். 'எதை முதலில் எழுதினால் என்ன?' என்ற கேள்விக்கு இதனினும் தெளிவான விடை என்னிடம் இல்லை.

ஆகவே மாணவச் செல்வங்களே, புள்ளி வைக்கும் முன் நான்கு கேள்விகளைக் கேட்டுப் பழகுங்கள். ஆதிப்புள்ளி எது? எத்திசை மிகை, எத்திசை குறை? ஒரு கட்டத்துக்கு எவ்வளவு அளவு? முதல் எண் எந்த அச்சுக்கு உரியது? இந்நான்கும் தெரியாமல் வைக்கப்படும் புள்ளி வெறும் மைப்பொட்டு. புள்ளி வைத்த பின்னரும் ஒரு கேள்வி உண்டு: இது இருக்கத்தக்க இடம்தானா? கோயில் கடலில் நிற்கிறதா என்று ஒரு முறை பாருங்கள்.

இன்று நிலப் பதிவேடுகள் கணிப்பொறிக்குள் சென்றுவிட்டன. விண்கோள்கள் நம் தொலைபேசிக்கு இடம் சொல்கின்றன. அவற்றுக்குள்ளும் இருப்பவை வரிசை தவறாத எண்களே. அவ்வெண்களைப் படிக்கத் தெரிந்தவர் வீட்டில் ஒருவரேனும் இருத்தல் வேண்டும். அடுத்த விடுமுறையில் உங்கள் ஊருக்கும் இப்படி ஒரு தாள் செய்யுங்கள். ஊருக்கு நடுவே செல்லும் தெரு ஓர் அச்சு ஆகட்டும். வாய்க்கால் மற்றோர் அச்சு ஆகட்டும். பள்ளி, குளம், கோயில், பாலம், உங்கள் வீடு ஆகியவற்றை அடி வைத்து அளந்து புள்ளி இடுங்கள். முடித்த பின் உங்கள் தாத்தாவிடமோ பாட்டியிடமோ காட்டி, சரியாக இருக்கிறதா என்று கேளுங்கள். தாளில் தவறு இருந்தால் அவர்கள் உடனே சொல்லிவிடுவார்கள். அத்தவறு எந்த எண்ணில் நேர்ந்தது என்று தேடிக் கண்டுபிடிப்பதே உங்களுக்கு நான் தரும் வீட்டுக்கணக்கு.